காயற்கரையில் ஒரு வேவு

பிரிபோ மாத்திரையை விழுங்கி டம்ளரைக் கீழே வைப்பதற்குள், வீட்டுக்கு வந்திருந்த நர்ஸ் கவோசியா அடுத்த பேச்சை எடுத்துவிட்டாள்.

"ரத்தத்துல வைட்டமின் டி ரொம்பக் கம்மியா இருக்குண்ணே. உள்ள கிருமியோட சண்டை போடறவங்களுக்கு அது ஒரு தெம்பு. மாத்திரையை விடாம சாப்பிடுங்க. தினமும் காலையில அரை மணி நேரம் வெயில்லயும் உக்காருங்க."

"நான் போய் உக்காந்தா, டிபிக்காரன் கருவாடு மாதிரி காயறான்னு வேடிக்கை பாப்பானுங்க."

"ரெண்டு மாசம் மருந்து சாப்பிட்டாச்சு. சளியில கிருமியே இல்ல. உங்ககிட்டருந்து இனி யாருக்கும் ஒட்டாது."

"அது உனக்குத் தெரியும். இந்தப் பேசோத் தீவு முழுக்க யார் போய்ச் சொல்றது?"

நோய் வந்ததிலிருந்து அவன் வாசல் தாண்டியதில்லை. வீட்டின் நாலு பக்கமும் தாழம்பாயைத் தொங்கவிட்டு உள்ளே கிடந்தான். மனைவி தெரேசியா சொல்லிப் பார்த்தாள், அழுது பார்த்தாள், மூன்று நாள் பேசாமலும் இருந்து பார்த்தாள். அவன் அசையவில்லை.

திங்கட்கிழமை காலை தெரேசியா தலைவாரி, காதோரம் பூச்செருகி, ஒரு தட்டு நிறைய டோனட்டோடு கிளம்பினாள்.

"எங்க?"

"காத்து வாங்க."

காத்து வாங்க டோனட் எதற்கு? பிரிபோ பாயை விலக்கிப் பார்த்தான். காயலோரக் கற்சுவரில் அவள் உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் வாலிபால் கேப்டன் இத்தாகா. தென்னைமரம் மாதிரி உயரம், பனங்காய் மாதிரித் தோள். அவன் என்னவோ சொன்னான். அவள் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள்.

இருபது வருஷக் குடித்தனத்தில் அந்தச் சிரிப்பு பிரிபோவின் பங்குக்கு வந்ததே இல்லை. வயிறு பற்றிக்கொண்டு எரிந்தது. இங்கிருந்து பேச்சு கேட்கவில்லை. மறுநாள் பின்பக்கமாக நழுவி, மணலில் கவிழ்த்துப் போட்டிருந்த படகுக்குப் பின்னால் போய்ப் பதுங்கினான்.

பதுங்கியவன் போட்டிருந்தது சிவப்புச் சட்டை.

"யாரது, பிரிபோவா? எழுந்து நடமாடுறியா!" என்று கூவினாள் அந்தப் பக்கம் வந்த எதிர்வீட்டு மரேவா.

"சத்தம் போடாத! நண்டு பிடிக்கிறேன்."

புதன்கிழமை சட்டையைக் கழற்றிவிட்டுப் போனான். முதுகு தோசைக்கல்லாய்க் காய்ந்தது. அதற்குள் நண்டுச் செய்தி பரவி, வழியில் நாலு பேர் ஆளுக்கு ஒரு வாளியோடு பங்கு கேட்டு நின்றார்கள். நண்டு இல்லையென்றால் மானம் போகும். வியாழக்கிழமை வலையையும் தூக்கிக்கொண்டு போய், முழங்கால் தண்ணீரில் நின்றபடி ஒரு கண்ணை வலையிலும் ஒரு கண்ணைக் கற்சுவரிலும் வைத்தான். நண்டு ஒன்றும் சிக்கவில்லை. கட்டைவிரல்தான் நண்டிடம் சிக்கியது.

"என்னங்க, ஒரே வாரத்துல இப்படிக் கறுத்துட்டீங்க?" என்றாள் தெரேசியா சோறு வைத்தபடி.

"உன்னாலதான்!" என்று வாய்வரை வந்ததை மீனோடு சேர்த்து விழுங்கினான். வயிற்றெரிச்சலில் அன்று மூன்று தட்டு சோறு உள்ளே போனது. இரவும் அடித்துப் போட்டாற்போல் தூங்கினான்.

இரண்டு வாரம் இப்படியே போனது. தட்டில் டோனட் கூடிக்கொண்டே வந்தது, சிரிப்பும்தான். ஒரு காலை இத்தாகா கைநீட்டி அவள் காதோரம் நழுவிய பூவைச் சரிசெய்தான்.

அவ்வளவுதான். பிரிபோ படகைத் தாண்டிக் குதித்து மணல் பறக்க ஓடினான். மாதக்கணக்கில் நாலடி நடந்தாலே இரைத்த நெஞ்சு அன்று இரைக்கக்கூட மறந்துவிட்டது.

"டேய்! ஊரான் பொண்டாட்டிகிட்ட தினமும் உனக்கு என்னடா வேலை? எழுந்திருடா!"

கரையே திரும்பிப் பார்த்தது. தெரேசியா தலைகுனிந்து கால்விரலால் மணலைக் கிளறினாள். அவள் தோள்கள் குலுங்கின. அழுகையா சிரிப்பா, தெரியவில்லை.

இத்தாகா வாயிலிருந்த டோனட்டை நிதானமாக மென்று முடித்து, கைக்கடிகாரத்தைப் பார்த்தான்.

"அவசரப்பட்டுட்டீங்களேண்ணே! நர்ஸம்மா சொன்ன வெயிலுக்கு இன்னும் அஞ்சு நிமிஷம் பாக்கி இருக்கு. போய் அந்தப் படகுக்குப் பின்னாடியே ஒளிஞ்சுக்குங்க, அண்ணி எனக்கு டோனட் குடுக்கறதே அதுக்குத்தான்."