தொரியோன் நகரத்துப் பயற்றுப் போர்

வாழ்க, மரமத்தேந்திய மாவீரன்! புழுதிக் காற்று ஓயாத தொரியோன் மாநகரில் பேருந்து செலுத்தும் பெருந்தோளன், உள்பனியனே மெய்க்கவசமாக அடுப்பங்கரைக் களம் புகுந்த ஃபிலிபெர்டோவின் புகழைப் பாடப் புகுகிறோம். அடுப்பின் தெய்வங்களே, எம் நாவில் நெய் தடவுங்கள். நெய் இல்லையேல் பன்றிக் கொழுப்பாவது தடவுங்கள்.

இப்போருக்குக் காரணம் மண்ணுமன்று, பொன்னுமன்று. குளியலறையில் வழுக்கி விழுந்து வலக்கையில் மாவுக்கட்டு அணிந்த அவன் மனைவி அம்பாரோவைக் காண வந்தார், புருவமே வில்லாகவும் நாவே அம்பாகவும் கொண்ட அவள் தாய் எடுவிஹேஸ் அம்மாள். மருமகன் சமைத்து வைத்த பயற்றில் ஒன்றை எடுத்துக் கடித்தார். அது கடிபடவில்லை. கொதிக்கும் பானையில், பயற்றை வேகவிடாமல் இறுக்கும் குழாயின் பச்சைத் தண்ணீரைக் கவிழ்த்து, அவ்வூரில் எவரும் செய்யத் துணியாத பாவத்தை அவன் செய்திருந்தான். அக்கணமே பிரகடனம் எழுந்தது.

“இந்த வீட்ல ஒரு பயறு உருப்படியா வேகல. ஞாயித்துக்கிழமை வருவேன். அன்னைக்கும் இதே லட்சணம்னா, என் பொண்ணுக்குக் கை சேர்ற வரைக்கும் இங்கேயேதான் இருப்பேன், மாப்பிள்ளை!”

வீரன் வரப்போகும் இழப்புகளைக் கணக்கிட்டான். அவர் தங்கினால் கூடத்துச் சோபா பறிபோகும். கால்பந்தாட்டம் முடியிழந்து, அழுகைத் தொடர்கள் தொலைக்காட்சியின் அரியணை ஏறும். வீட்டுக்குள் பனியனோடு உலவும் பிறப்புரிமையும் ஒழியும். மாமியார் நல்லவர்தான். அவருடைய வீட்டில் இருக்கும்வரை மிக நல்லவர்.

ஞாயிறு விடிந்தது. மண்பானை ஏறியது. அதன் வாயில் மூடியாக நீர் நிறைந்த மண்சட்டி அமர்ந்தது. பானை வற்றும்போதெல்லாம் சட்டியின் சுடுநீரையே வார்த்து, குழாயின் பக்கம் திரும்பியும் பாராமல், பகைவன் கோட்டையை முற்றுகையிட்ட மன்னனைப் போல் காத்து நின்றான் ஃபிலிபெர்டோ. பயறு பணிந்தது. பின்னர் இரும்பு வாணலியில் கொழுப்பு உருகிப் புகைந்து, வெங்காயம் கருகி வீரமரணம் எய்தி, வெந்த பயறு அகப்பை அகப்பையாக உள்ளே பாய்ந்தபோது எழுந்த பேரொலியில் பக்கத்து வீட்டு நாய் குரைத்தது. கொதிகொழுப்பின் கணைகள் முழங்கையைத் துளைத்தன. அவன் பின்வாங்கவில்லை. மத்தைச் சுழற்றினான், மசித்தான், அடிபிடிக்க முயன்ற துரோகக் கூட்டத்தைச் சுரண்டிச் சுரண்டி மீட்டான்.

“ஏங்க, பயறைத்தானே மசிக்கிறீங்க? காளையவா அடக்குறீங்க?” என்றாள் வாசற்படியில் சாய்ந்திருந்த அம்பாரோ.

“பேசாத! உங்கம்மாவத்தான் அடக்குறேன்!” என்று முழங்கினான் வீரன்.

அழைப்புமணி ஒலித்தது. கரண்டியை விட்டால் கரியும். கதவைத் திறக்காவிட்டால் அதைவிடப் பெரிதாகக் கரியும். அம்பாரோ இடக்கையால் தாழ் நீக்க, எடுவிஹேஸ் அம்மாள் நேரே களத்துக்குள் நுழைந்து, பதம் பார்க்க வாணலியைச் சாய்க்குமாறு கண்ணாலேயே கட்டளையிட்டார். ஃபிலிபெர்டோ மூச்சடக்கிச் சாய்த்தான். ஓரத்தில் ஒட்டாமல், நடுவில் பிளவாமல், மசித்த பயறு சுருட்டிய பாயைப் போல் ஒரே திரளாக உருண்டு பரிமாறும் தாம்பாளத்தில் இறங்கியது.

அம்மையார் அமர்ந்தார். சோள ரொட்டியைக் கிள்ளித் தோய்த்து உண்டார். மீண்டும் தட்டை நீட்டினார். மூன்றாம் முறையும் நீட்டினார். பயறு வழித்து உண்ணப்பட்ட அத்தட்டைக் கண்டு, பேருந்து ஓட்டிய காலமெல்லாம் அறியாத பேரானந்தத்தில் வீரனின் விழிகள் கலங்கின.

விருந்துண்டவரை வெறுங்கையோடு அனுப்புவது அந்நகர வழக்கமன்று. எனவே எஞ்சிய பயற்றை ஒரு தயிர் டப்பாவில் அடைத்து, வெற்றிக்கோப்பையை வழங்குபவன்போல் இருகையாலும் நீட்டினான்.

“போகும்போது எடுத்துட்டுப் போங்க, அத்தை.”

“டப்பா எதுக்கு, மாப்பிள்ளை? ராத்திரிக்கு நான் இங்கதானே சாப்பிடுவேன். இப்படிப் பயறு கிடைக்கிற வீட்ட விட்டுட்டு, அங்க தனியா போய் நான் என்னத்தச் சமைக்கிறது?”

மறுநாள் ஃபிலிபெர்டோ கடைக்குப் போய் இரண்டு கிலோ பயறு வாங்கி வந்தான்.