நேரில் பார்த்தவரும் பித்தளைப் பூட்டும்

கடவுள் படைத்த மனிதரில் ‘நேரில் பார்த்தவர்’ என்று ஒரு வகை உண்டு. அவரைத் தேடிக்கொண்டு நீங்கள் எங்கும் அலைய வேண்டாம். கல்கத்தா மைதானத்தில் கங்காதீர் கிளப்பின் டென்ட் இருக்கிறதே (பெயர்தான் டென்ட், சுவர் வைத்துக் கட்டி எழுபது வருஷமாகிறது), அதன் பின்பக்கத்தில் பழைய சாமான் கிடந்த இரண்டு அறைகளை ஒழித்து, வெள்ளையடித்து, கிளப்பின் வரலாற்றுக் காட்சியகம் என்று பலகை மாட்டியிருக்கிறார்கள். அங்கே போய் ஏதாவது ஒரு படத்தின் முன்னால் நின்றால் போதும். அடியில் எழுதியிருப்பதை வாசிக்க நீங்கள் மூக்குக்கண்ணாடியைத் துடைக்கும்போதே தோளுக்குப் பின்னால் ஒரு பெருமூச்சு கேட்கும்.

“எழுதினவனுக்கு என்ன தெரியும்? அன்னைக்கு நான் அங்க இருந்தேன்.”

அவ்வளவுதான். மாட்டிக்கொண்டீர்கள்.

‘அன்னைக்கு’ என்றால் எழுபத்துநாலாம் வருஷம் கால்பந்துக் கேடயத்தின் இறுதி ஆட்டம். கங்காதீர் தன் ஆயுளில் வென்ற ஒரே கேடயம் அதுதான். வேறு நாளே கிடையாது. அன்றைக்கு இருந்த மரப்படிக்கட்டில் நெருக்கி உட்கார்ந்தால் பன்னிரண்டாயிரம் பேர் உட்காரலாம். ஆனால் அன்றைக்கு அங்கே இருந்ததாக இன்று சொல்லுகிறவர்கள் எல்லோரும் உண்மையாகவே வந்திருந்தால் படிக்கட்டு என்ன, ஹௌரா பாலமே உட்கார்ந்திருக்கும். அதற்கு அடுத்த வருஷம் பிறந்த ஒருவர்கூட இருந்தாராம். எப்படி என்று கேட்டால், “அப்பா போயிருந்தாரு, நான் போன மாதிரிதானே” என்கிறார். அவரையும் சேர்த்துக்கொள்ளுங்கள், பாவம்.

இந்த வகையாரைக் கண்டுபிடிக்க வழி இருக்கிறது. கூட்டத்தைப் பிடித்த பெரிய படம் ஒன்று முதல் அறையில் தொங்குகிறது. அதில் அவர் எங்கே என்று கேளுங்கள். முகம் தெரிகிற இடத்தில் விரலை வைக்கவே மாட்டார். “இந்தக் குடை தெரியுதா? குடைக்குப் பின்னாடி ஒரு ஆள் மறைஞ்சிருக்கானே, அது நான்” என்பார். அந்த ஒரு குடைக்குப் பின்னால் இதுவரை முப்பது பேர் நின்றிருக்கிறார்கள். குடை பிடித்தவர் யாரோ, புண்ணியவான்.

இவர்களுக்கெல்லாம் தலைமகன் பரேஷ் ஹாஜ்ரா. பெயரைப் பாருங்கள், பெயரிலேயே ஆஜராகியிருக்கிறார். வயது எழுபத்திரண்டு. சுருட்டை முடி, சலவை வேட்டி, எந்தப் பேச்சை எங்கே ஆரம்பித்தாலும் ஐந்தாவது வாக்கியத்தில் கேடயத்துக்கு வந்து சேர்ந்துவிடும் நாக்கு. கத்தரிக்காய் சொத்தையென்று வீட்டில் சொன்னால்கூட, “அன்னைக்குத் தரையும் இப்படித்தான் சொதசொதன்னு…” என்று ஆரம்பிப்பார். அவர் மனைவி பீணா முந்தானையில் முடிந்த சாவிக்கொத்தைத் தோளுக்குப் பின்னால் வீசிவிட்டு அடுக்களைக்குப் போய்விடுவாள். அந்தச் சத்தம்தான் அவளுடைய பதில்.

ஒன்று மட்டும் கவனிக்க வேண்டும். பரேஷ் பாபு சொல்லும் ஆட்டத்தில் எல்லாம் கேட்கும், எதுவும் தெரியாது. மழை சடசடவென்று அடித்தது, விசில் நீளமாக ஊதியது, எண்பத்தோராவது நிமிஷம் ஒரு ‘ஓ’ எழும்பியது, அந்த ‘ஓ’வில் காக்காய்கள் எல்லாம் பறந்தன. எதிராளிகளின் சட்டை என்ன நிறம் என்று கேட்டுப்பாருங்கள். “மழையில எல்லாம் ஒரே நிறம்தான்” என்பார். “தொப்பலா நனைஞ்சேன்” என்று மட்டும் அடித்துச் சொல்லுவார். அதைச் சொல்லும்போது கண்ணில் தண்ணீர் நிற்கும். பொய் சொல்லுகிறவனுக்கு அப்படி நிற்காது.

இந்த நனைந்த கதையைக் கேட்டுத்தான் அவர் மகனுக்குப் பெண் கிடைத்தது. விளையாட்டுக்குச் சொல்லவில்லை. சம்பந்தி ஷுபிமல் சென் சிலிகுரிக்காரர், தபால் ஆபீசில் இருந்து ஓய்வு பெற்றவர், பிறவியிலேயே கங்காதீர் பக்தர். எழுபத்துநாலில் கையில் டிக்கெட் வாங்கி வைத்துக்கொண்டு தட்டம்மை போட்டுப் படுத்துவிட்டார். அந்த டிக்கெட்டை இன்றும் சாமி படத்துக்குப் பின்னால் வைத்திருக்கிறார். பெண் பார்க்கப் போன அன்று, பையன் என்ன வேலை என்று கேட்கவில்லை. “உங்க அப்பா அன்னைக்கு அங்க இருந்தாராமே?” என்றுதான் கேட்டார். பையன் ஆமாம் என்றான். அவனுக்குத் தெரிந்ததும் அதுதானே. உடனே தட்டு மாற்றினார்கள்.

அந்தச் சம்பந்தி இந்த வைசாக முதல்நாள் கல்கத்தாவுக்கு வந்து இறங்கினார். வருஷப் பிறப்பன்று கிளப்பில் கோல் கம்பத்துக்குப் பூஜை. கம்பத்துக்கு மாலை போட்டு, குங்குமம் வைத்து, மந்திரம் சொல்லி, வருஷம் பூரா பந்து எதிராளி வலையில் விழ வேண்டும் என்று அம்பாளை வேண்டிக்கொள்வார்கள். ஷுபிமல் பாபு குளித்து, புது ஜிப்பா போட்டு, கம்பத்தடியில் போய்க் கண்ணை மூடி நின்றார். பரேஷ் பாபு மட்டும் மைதானத்தின் கயிற்றுக்கு வெளியே நின்றுவிட்டார்.

“வாங்க சம்பந்தி, கம்பத்தைத் தொட்டுக் கும்பிடுங்க.”

“முழங்கால் சம்பந்தி. புல்லுல நடந்தா பிடிச்சுக்குது.”

“நேத்து மூணு மாடி ஏறினீங்களே!” என்றாள் பீணா.

“மாடி வேற, புல்லு வேற.”

பூஜை முடிந்து சந்தேஷ் கொடுத்தார்கள். அதை வாயில் போட்டுக்கொண்டு மூவரும் காட்சியகத்துக்குள் நுழைந்தார்கள். செருப்பை வெளியே விடச்சொல்லி யாரும் சொல்லவில்லை, எல்லோரும் விட்டிருந்தார்கள். கண்ணாடிப் பெட்டியைத் தொட்டு நெற்றியில் ஒற்றிக்கொள்ளுகிறவர்கள், ஒட்டுப்போட்ட பந்தைப் பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொள்ளுகிறவர்கள். பழைய கோல்கீப்பரின் கையுறைக்கு யாரோ ஒரு செம்பருத்தி வைத்திருந்தார்கள்.

பரேஷ் பாபு வேலையைத் தொடங்கினார். குடையைக் காட்டினார். “அதுக்குப் பின்னாடி.” சம்பந்தி அந்தக் குடையையே இமைக்காமல் பார்த்தார். நேரத்தைத் தப்பாக எழுதியிருக்கிறார்கள் என்றார் பரேஷ் பாபு. மழை ஆட்டம் ஆரம்பித்த பிறகு வரவில்லை, முன்னாலேயே வந்தது என்றார். அக்கம்பக்கத்தில் ஏழெட்டுப் பேர் கூடிவிட்டார்கள். அவருக்கு முகமெல்லாம் விளக்கு ஏற்றியது போல ஆகிவிட்டது.

“ரெண்டாவது ரூம் பார்த்தீங்களா பரேஷண்ணே?” என்று கேட்டான் பொல்ட்டு. காட்சியகத்தைப் பார்த்துக்கொள்ளுகிறவன், நாற்பத்தைந்து வயது, வாயில் எப்போதும் வெற்றிலை. “புதுசா ஒண்ணு வந்திருக்கு. நம்ம பீரேன் ஷிக்தார் போன மாசம் தவறிட்டாரில்ல? அவர் மகன் கொண்டாந்து கொடுத்தான்.”

பீரேனும் பரேஷும் ஒரே தெருவில் கோலி விளையாடி வளர்ந்தவர்கள். கேடய ஆட்டத்துக்குப் போன வழியெல்லாம் பீரேன்தான் அவருக்குத் துணை என்று ஊரே நினைத்துக்கொண்டிருந்தது.

இரண்டாவது அறையில் ஒரு சின்னக் கண்ணாடிப் பெட்டி. உள்ளே சிவப்புத் துணியில் ஒரு பித்தளைப் பூட்டு. அடியில் எழுதியிருந்ததை ஷுபிமல் பாபு சத்தமாக வாசித்தார். தபால்காரர் குரல், அறை முழுக்கக் கேட்டது.

“எங்கள் தெருவில் ஒரு நண்பன் இருந்தான். கிளப் என்றால் உயிரை விடுவான். ஆனால் அவன் மைதானத்துக்கு வந்த ஒன்பது ஆட்டத்திலும் தோற்றோம். ஆகவே இறுதி ஆட்டத்தன்று அவனை அவன் வீட்டு மொட்டைமாடி அறையில் வைத்து இந்தப் பூட்டால் பூட்டினேன். ஒன்றுக்குப் பூஜ்யம், ஜெயித்தோம். பெயர் சொல்ல மாட்டேன் என்று அவனுக்கு வாக்குக் கொடுத்திருக்கிறேன். சாவி என்னிடம் இல்லை. – பீரேன் ஷிக்தார்.”

அறையில் சிரிப்பு வெடித்தது.

“சரியான ஓபயா!” என்றார் ஒருவர். ராசிகெட்டவனுக்கு அங்கே அதுதான் பேர். அந்தப் பேர் விழுந்தவன் பந்தயத்துக்கும் போக முடியாது, பரீட்சைக்குப் போகிறவன் எதிரில் வரவும் முடியாது.

“ஆள் யாருன்னு தெரிஞ்சா மாலை போடலாம்.”

“மாலை எதுக்கு, இன்னொரு பூட்டு போடு!”

எல்லோரும் சிரித்தார்கள். பரேஷ் பாபுவும் சிரித்தார், கொஞ்சம் பிந்தி. “போலாமா? வெயில் ஏறிடும்” என்றார்.

பீணா நகரவில்லை. பூட்டைப் பார்த்தாள். முந்தானையை இழுத்தாள். சாவிக்கொத்தில் அலமாரி சாவி, அரிசி அறைச் சாவி, சாமி அறைச் சாவி, அவற்றோடு எதையும் திறக்காத பித்தளைச் சாவி ஒன்று. கல்யாணமாகி வந்த நாளிலிருந்து தோளில் சுமக்கிறாள். தூக்கிப் போடட்டுமா என்று கேட்ட போதெல்லாம் அந்த மனுஷன் சாப்பாட்டைத் தள்ளிவிட்டு எழுந்து போயிருக்கிறார்.

“என்னங்க, இது…”

“பீணா. வீட்டுக்குப் போய்ப் பேசலாம்.”

“பொல்ட்டு, இந்தப் பெட்டியைக் கொஞ்சம் திறப்பா.”

பொல்ட்டு திறந்தான். அவள் சாவியைப் போட்டுத் திருப்பினாள். ஐம்பது வருஷத்துத் துரு ஒரு முறை முனகியது. டக்.

அந்த ‘டக்’குக்குப் பிறகு யாரும் சிரிக்கவில்லை. ஷுபிமல் பாபு பூட்டைப் பார்த்தார், சாவியைப் பார்த்தார், பிறகு சம்பந்தியைப் பார்த்தார்.

“அப்ப அந்தக் குடை?”

பரேஷ் பாபு தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார். “குடை கிடையாது. பக்கத்து வீட்டு ரேடியோ. கூரை ஒழுகிச்சு. நனைஞ்சது மட்டும் நெஜம்.”

“அப்புறம்? அடுத்த ஆட்டத்துக்கெல்லாம்?”

“போகலை. அன்னைக்கு ஆட்டம் முடிஞ்சு பீரேன் வந்து திறந்துவிட்டான். பூட்டை அவன் எடுத்துக்கிட்டான், சாவியை என் கையில வச்சான். ‘இனிமே நீயே பூட்டிக்கோ’ன்னான். ஐம்பது வருஷமா அந்தப் புல்லுல நான் கால் வைக்கலை.”

பீணாவுக்குக் காலையில் பார்த்த முழங்கால் இப்போது புரிந்தது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

மானம் போகிறது, மகன் குடும்பம் என்ன ஆகுமோ என்று பரேஷ் பாபு நினைத்துக்கொண்டிருந்தபோது, சம்பந்தி ஷுபிமல் சென், வயது அறுபத்தொன்பது, சடாரென்று குனிந்து அவர் காலைத் தொட்டார்.

“ஐயோ, என்ன சம்பந்தி இது!”

“அன்னைக்குப் பன்னிரண்டாயிரம் பேர் போனாங்க. போறது பெரிய விஷயமா? அந்தக் கேடயம் நீங்க போகாததால வந்தது. நான் என்னவோ தட்டம்மைன்னு அழுதுகிட்டிருந்தேன். நீங்க உசிரோட நல்லா இருந்துகிட்டு, போகாம இருந்திருக்கீங்க!”

அறையில் இருந்தவர்கள் ஒவ்வொருவராகக் குனிந்தார்கள். சற்று முன்னால் இன்னொரு பூட்டு போடச் சொன்னவரும் குனிந்தார். பொல்ட்டு ஓடிப்போய்ப் பூஜைச் செம்பருத்தி ஒன்றைக் கொண்டுவந்தான். பூட்டுக்கு வைப்பதா பரேஷ் பாபுவுக்கு வைப்பதா என்று ஒரு நிமிஷம் திகைத்து, பாதி பாதியாகப் பிய்த்து இரண்டுக்கும் வைத்தான்.

எந்த மனுஷனாக இருந்தாலும் அத்தோடு வாயை மூடிக்கொண்டு சாமிக்கு நன்றி சொல்லியிருப்பான். நேரில் பார்த்தவர் மூடுவாரா? மூன்றாவது ஆள் காலைத் தொட்டு எழுந்திருக்கும்போதே பரேஷ் பாபு தொண்டையைக் கனைத்தார்.

“எழுதினவனுக்கு என்ன தெரியும்? பூட்டை வாங்கிக் கொடுத்ததே நான்தான்.”

சாவிக்கொத்து தோளுக்குப் பின்னால் ‘ஜல்’ என்று போய் விழுந்தது.

இது நடந்து மூன்று மாதம் ஆகிறது. காட்சியகத்தின் இரண்டாவது அறையில் இப்போது பதினோரு பூட்டுகள் இருக்கின்றன. அன்றைக்குப் பூட்டப்பட்டது நான்தான் என்று தினமும் ஒருவர் வந்து நிற்கிறார். எழுபத்தைந்தில் பிறந்தவரும் வந்தார். அவருடைய அப்பாவைப் பூட்டினார்களாம். முதல் அறையில் குடைக்குப் பின்னால் ஆளே இல்லை, வெறிச்சென்று கிடக்கிறது.

சிரிக்கிறீர்களா? சிரியுங்கள். உங்கள் ஊரில் பெரிய வெள்ளம் வந்ததே, தேர் சாய்ந்ததே, பெரிய தலைவர் ஒருவர் வந்து கை ஆட்டிவிட்டுப் போனாரே, அன்றைக்கு நீங்கள் அங்கேதான் இருந்தீர்களா, அல்லது பக்கத்து வீட்டு ரேடியோவா? எனக்குச் சொல்ல வேண்டாம். உங்களுக்குத் தெரியும், கடவுளுக்கும் தெரியும். நாளைக்கு இந்தக் கதையை யாரிடமாவது சொல்லுவீர்கள் அல்லவா, அப்போது “அந்தப் பூட்டைத் திறந்தப்போ நான் பக்கத்துல நின்னேன்” என்று சொல்லாமல் முடிக்க முடிகிறதா, பாருங்கள். முடிந்தால் கிளப்புக்கு ஒரு வார்த்தை சொல்லியனுப்புங்கள். அப்படிப்பட்ட ஆள் ஒருவருக்காக அங்கே ஒரு கண்ணாடிப் பெட்டி இன்னும் காலியாகவே இருக்கிறது.