எல்சியம்மாவுக்கு ஒரு மோட்ச அருச்சனை

சுவிற்சர்லாந்தில் மூச்சு விடாமல் கதைக்கக்கூடிய மனுசன் ஒரே ஒருவர்தான். துன் நகரத்தில், ஏரிக்கரை ஹோட்டலின் சலவை அறையில் எங்களோடு வேலை செய்த இஸ்திரி அண்ணை. முருகன்மேல் ஆணை, ஒருநாள் மெஷின் ஆறும் பழுதாகி நின்றதை மத்தியானம் வரைக்கும் நாங்கள் கவனிக்கவில்லை. அவருடைய சத்தம் அப்படி.

கதையும் ஒன்றுதான். அலுமாரிக்குள் கிடந்த ஒரு பழைய படத்தைத் தூக்கிக் காட்டுவார்.

"இவ ஆரெண்டு தெரியுமோ தம்பி? லண்டனில பேசாப்படம் எடுத்த காலத்து நடிகை. எல்சியம்மா!"

அண்ணை வேலைக்குச் சேர்ந்தபோது அங்கே பொறுப்பாக இருந்த சுவிஸ் கிழவி சொன்ன கதை அது. எல்சியம்மா கதாநாயகி இல்லை. கதாநாயகி குதிரையால் விழவேண்டிய இடத்தில் விழுகிறவர். குளிர்காலத்தில் ஆற்றுக்குள் குதிக்கிறவரும் அவர்தான். ஒரு படத்திலும் பேர் போடவில்லை. பிறகு படங்கள் பேசத் தொடங்கின. விழுகிறவரும் வசனம் கத்திக்கொண்டே விழவேணும் என்றார்களாம்; எல்சியம்மாவுக்குத் திக்குவாய். வேலை போய்விட்டது. இங்கே வந்து, பிள்ளை குட்டி இல்லாமல், கடைசி மட்டும் இதே மேசையில் இஸ்திரிப்பெட்டி பிடித்துத் துணி மினுக்கினாராம்.

அண்ணை சொல்வதோடு நிற்கமாட்டார். விழுந்தும் காட்டுவார். ஒருநாள் மேலாளர் உள்ளே வர, மனுசன் ஈரத்துணிக் கூடைக்குள் தலைகீழாகக் கிடக்கிறார்.

"என்ன இது?"

"தேம்ஸ் ஆறு!" என்றார், உள்ளே கிடந்தபடியே.

இந்த ஊர் வழக்கப்படி, புதைத்த இடத்துக்கான தவணைக் காலம் முடிந்ததும் எல்சியம்மாவின் கல்லறையையும் எடுத்துப் புல்லு விதைத்துவிட்டார்கள். அண்ணைக்கு அதுதான் பெரிய கவலை. "ஒரு இடத்திலயும் அந்த மனுசியின்ர பேர் இல்லைத் தம்பி. ஒருக்கா எண்டாலும் ஆரும் சத்தமாச் சொல்லவேணும்."

படத்தை வீட்டுக்குக் கொண்டுபோய், சாமித்தட்டில் பிள்ளையாருக்குப் பக்கத்தில் வைத்து மாலையும் போட்டார். பிழை அங்கேதான் நடந்தது. படத்தில் எல்சியம்மா ஏதோ சினிமா வேஷத்தில் முக்காடு போட்டு, கைகூப்பி, மேலே பார்த்துக்கொண்டிருப்பார். அங்கே போன என் மனைவி, மாதா என்று நினைத்து, மகளுக்குத் தொழிற்பயிற்சி இடம் கிடைக்கவேணும் என்று நேர்ந்துவிட்டாள். அடுத்த கிழமையே கிடைத்துவிட்டது!

"அது மாதா இல்லையப்பா, நடிகை."

"ஆராயும் இருக்கட்டும். கேட்டதைத் தந்தவா. நீங்கள் வாயைக் கழுவிப்போட்டுக் கதையுங்கோ."

தாய்மாரை நினைக்கிற சித்திரா பௌர்ணமி வந்தது. எல்சியம்மா பேரில் மோட்ச அருச்சனை செய்விக்க அண்ணை கோயிலுக்கு வந்தார். நாங்களும் போனோம்.

"பேர்?" என்றார் ஐயர்.

"எல்சி."

"உங்களுக்கு ஆர்?"

"ஒரே மேசையில வேலை செய்தனாங்கள்."

"எப்ப?"

"அவ முதல். நான் பிறகு."

ஐயர் தட்டைக் கீழே வைத்தார். "பின்னால சனம் நிக்குது. சொந்தக்காரர் எண்டால் சொல்லுங்கோ."

அண்ணையின் முகம் செத்துப்போனது. என் மனைவி அவரைத் தள்ளிக்கொண்டு முன்னுக்கு வந்தாள்.

"ஐயா, எங்கட பிள்ளைக்கு இடம் எடுத்துத் தந்தவா. நாங்கள் சொந்தமில்லையெண்டால் வேற ஆர் சொந்தம்?"

ஐயர் சிரித்துவிட்டார். தட்டைத் திரும்ப எடுத்தார். மந்திரத்துக்கு நடுவே "எல்சி" என்ற பேர் மைக்கில் மண்டபம் முழுக்கக் கேட்டது.

நான் அண்ணையைத் திரும்பிப் பார்த்தேன். வாய் அசைகிறது. கண்ணால் நீர் ஓடுகிறது. சத்தம் மட்டும் வரவில்லை. அவரை நான் பேசாப்படமாகப் பார்த்தது அந்த ஒருநாள்தான்.

இப்போது அண்ணை பென்ஷன் எடுத்து, பீல் நகரத்தில் மகளோடு இருக்கிறார். அந்த மேசையில் நான் மினுக்குகிறேன். அறை நல்ல அமைதி. எனக்குத்தான் அது ஒத்துவரவில்லை. ஞாயிறு கோயில் முடிய பீலுக்குப் போய்விடுவேன். எல்சியம்மா கதை முழுக்க எனக்கு மனப்பாடம். ஆனாலும் அண்ணை சொல்லிக்கொண்டு வர, எல்சியம்மா குதிரையால் விழுகிற இடம் வந்தால், "பிறகு என்ன நடந்தது அண்ணை?" என்று நான்தான் கேட்பேன்.