மச்சான் முதுகைப் பார்த்து நடந்த அப்பீல்

தாராவி,
திங்கட்கிழமை.

அன்பும் மதிப்பும் உள்ள மச்சான் முகம்மது ஹனீப் அவர்களுக்கு, அடுத்த ரூமிலிருந்து தங்கள் தங்கை வீட்டுக்காரர் காஜா மைதீன் சலாமுடன் சொல்லிக்கொள்வது. இங்கு யாவரும் சுகம். அங்கும் சுகம் என்பதைத் தாங்கள் காலையில் இருமிய சத்தத்தில் அறிந்துகொண்டேன். நமக்குள் பேச்சுவார்த்தை இல்லாததால் இந்தக் கடிதம்; நான் சொல்லச் சொல்ல தங்கள் தங்கை பீவி எழுதுகிறாள்.

மச்சான், நம் இரண்டு ரூமுக்கும் மேலே கிடக்கும் பரணுக்காக ஏழு வருஷமாகக் கேஸ் நடக்கிறது. கீழ்க்கோர்ட்டில் தாங்கள் ஜெயித்தீர்கள், நான் அப்பீல் போட்டேன். எழுதப் படிக்கத் தெரியாத நான் கோர்ட்டுக்கு எப்படிப் போய்வந்தேன்? உங்க முதுகப் பாத்துத்தான். சயான் ஸ்டேஷன்ல நீங்க ரயில் ஏறுனா நானும் ஏறுவேன், சி.எஸ்.டி.ல நீங்க எறங்குனா நானும் எறங்குவேன், நீங்க டீ குடிக்க நின்னா பத்தடி தள்ளி நின்னு நானும் குடிப்பேன். ஒரு தடவ நீங்க செருப்பு தைக்க நின்னுட்டீக. எஞ்செருப்பு நல்லாத்தான் இருந்துச்சு, அதையும் குடுத்துத் தச்சேன்.

போன வாய்தா அன்னைக்குக் கூட்டத்துல உங்க நீலச்சட்டை வேற நீலச்சட்டையோட மாறிப்போச்சு. எவனோ ஒருத்தன் முதுகு என்னய ஒரு புதுக் கட்டடத்துக்குள்ள கொண்டுவிட்டுட்டு. கோர்ட்ட எடம் மாத்தப் போறாகன்னு வக்கீல் முந்தியே சொல்லியிருந்தாரா, இதுதான்னு நெனச்சேன். பெஞ்சு இருக்கு, கூட்டம் இருக்கு, பேர் சொல்லிக் கூப்பிடுதாக, எல்லாம் சரியாத்தான் இருந்துச்சு. ஒரு பொம்பள வந்து, "சாச்சா, ஊபர் தேக்கோ"ன்னு மேல பாக்கச் சொல்லி ரெண்டு கண்ணுலயும் மருந்த ஊத்துனப்பதான் லேசாச் சந்தேகம் வந்துச்சு. கண்ணாஸ்பத்திரி! அப்புறம் ரெண்டு மணி நேரம் முன்னால நிக்கிறது ஆளா தூணான்னே தெரியல.

அங்க கோர்ட்டுல என் பேரக் கூப்பிட்டிருக்காக. ஆள் இல்ல, அப்பீல் தள்ளுபடி. பரண் உங்களுக்குன்னு ஆயிப்போச்சு. வேற ஆளா இருந்தா இனிப்பு வாங்கிட்டு வீடு வந்திருப்பான். நீங்க என்ன செஞ்சீக? "சாப், அவரு வந்தாரு. எம்பின்னாலதான் வந்தாரு. நாந்தான் திரும்பிப் பாக்காம விட்டுட்டேன்"னு ஜட்ஜு முன்னால நின்னிருக்கீக. "நீங்க யாரு பக்கம்?"னு அவரு கேட்டாராம். "எதிர்பார்ட்டி சாப்"னீகளாம். கோர்ட்டே சிரிச்சிச்சுன்னு வக்கீல் சொன்னாரு. பெறகு மனுப் போட்டு, உங்க சாட்சியில செத்த அப்பீலுக்கு உசுரு வந்துட்டு. நான் பின்னால வாரது ஏழு வருஷமா உங்களுக்குத் தெரியும்னு அன்னைக்குத்தான் எனக்குத் தெரிஞ்சுது. அதான் படியில அம்புட்டு மெல்ல ஏறுவீகளா மச்சான்?

அந்த அப்பீல நானே வாபஸ் வாங்குதேன். பரண நீங்களே வச்சுக்கிடுங்க. நாளைலேருந்து பேசிருவோம். அல்லா உங்களுக்கு நீண்ட ஆயுசும் அந்த இருமலுக்கு ஒரு முடிவும் தரட்டும். பிள்ளைகளுக்கு என் துஆ.

இப்படிக்கு,
தங்கள் பின்னாலேயே வரும்
காஜா மைதீன் கைநாட்டு.

பி.கு.: அண்ணே, இது பீவி. இத அவருக்கு வாசிச்சுக் காட்டல. அந்தப் பரண் நம்ம அத்தா கட்டுனது. அதுல எனக்குப் பங்கு உண்டான்னு ஏழு வருஷமா ரெண்டு பேரும் ஒரு வார்த்த கேக்கல. நானும் கேஸ் போட்டுட்டேன். பதினெட்டாந்தேதி வாய்தா. ரெண்டு பேரும் ஒழுங்கா வந்து சேருங்க. வரலன்னா என்ன ஆகும்னு தெரியும்ல? நான் யாருக்காகவும் எந்திரிச்சு நின்னு சாட்சி சொல்ல மாட்டேன்.