செவ்வாய்க் கிரகத்தில் ஒற்றைக்காலில் நிற்கும் சம்பந்தி

அன்பும் பொறுமையும் மிக்க மாப்பிள்ளை அவர்களுக்கு,

உங்கள் மாமனார் மிக அவசரமாக எழுதிக்கொள்வது. நானும் உங்கள் அத்தையும் இங்கே சுகம். நீங்களும் என் மகளும் அங்கே சுகமாகத்தான் இருப்பீர்கள் என்று நானே முடிவு செய்துகொண்டு நேராக விஷயத்துக்கு வருகிறேன், நேரமில்லை. உங்கள் அப்பாவுக்கு மூச்சுக்காற்று தீர்ந்துகொண்டிருக்கிறது. புழுதிப் புயலில் மாட்டிக்கொண்டு, ஒரு காலைத் தூக்கியபடி, நட்டநடு வெளியில் நின்றுகொண்டிருக்கிறார்.

பதறாதீர்கள். சட்டையை மாட்டிக்கொண்டு ஓடாதீர்கள். போன தடவை வந்தபோது என் கம்ப்யூட்டரில் ஒரு விளையாட்டு ஏற்றிக் கொடுத்துவிட்டுப் போனீர்களே, செவ்வாய்க் கிரகத்தில் குடியேறி உயிர் பிழைக்கிற விளையாட்டு, அதற்குள் இருக்கும் அப்பாவைச் சொல்கிறேன். நிஜ அப்பா நேற்றுகூட போனில் நன்றாகத்தான் பேசினார். பிரச்சினையே அவர் பேசியதுதான், அதற்குப் பிறகு வருகிறேன். ஏன் போன் பண்ணாமல் கடிதம் என்று கேட்பீர்கள். நீங்கள் போனை எடுத்ததும் ஸ்பீக்கரில் போட்டுவிடுகிறீர்கள். என் மகள் பக்கத்தில் இருந்து கேட்கிறாள். கேட்டதை ஒன்றுவிடாமல் அன்று சாயங்காலமே உங்கள் அப்பாவுக்கு ஒப்பித்துவிடுகிறாள். மாமனார் மேல் அவ்வளவு பாசம் வைத்திருக்கும் மகளைப் பெற்றதில் எனக்குப் பெருமைதான், ஆனால் இந்த விஷயம் மட்டும் அவர் காதுக்குப் போகக்கூடாது. கூரியரில் உங்கள் அலுவலக முகவரிக்கு அனுப்புகிறேன். படித்துவிட்டுக் கிழித்துவிடுங்கள்.

நீங்கள் எதற்காக இந்த விளையாட்டை எனக்குக் கொடுத்தீர்கள் என்பது எனக்குத் தெரியாது என்று நினைக்கவேண்டாம். ஓய்வு பெற்று வீட்டுக்கு வந்ததும் நான் சமையலறை அலமாரியை ஒழுங்குபடுத்தினேன், பழைய சரக்கு முன்னால், புதுச் சரக்கு பின்னால், எந்த டப்பாவை எடுத்தாலும் என்னிடம் கேட்டுவிட்டு எடுக்கவேண்டும் என்று வைத்தேன். ஆயுள் முழுக்கத் தொழிற்சாலையில் ஸ்டோர் கீப்பராக இருந்தவன் வேறு எப்படி வைப்பான்? உங்கள் அத்தை உங்களுக்குப் போன் போட்டு, "மாப்பிள்ளை, இவரைக் கொஞ்சம் எங்கயாவது அனுப்பி வைங்களேன்" என்று அழாக்குறையாகச் சொன்னதும், நீங்கள் என்னைச் செவ்வாய்க்கே அனுப்பிவிட்டதும் எனக்குத் தெரியும். அதற்கு என் மனமார்ந்த நன்றி. என்ன விளையாட்டு மாப்பிள்ளை அது! காலையில் காபி ஆறிப்போகிறது, பேப்பர் மடித்தபடியே கிடக்கிறது. அந்தச் செம்மண் பாலைவனத்தில் கண்ணாடிக் குமிழ்களைக் கட்டி, காற்றை உண்டாக்கி, தண்ணீரைச் சுத்தம் பண்ணி, ஒரு கைப்பிடி ஆட்களை உயிரோடு வைத்திருக்க வேண்டும். ஒவ்வொருவர் தலைக்கு மேலும் அவர் மனதில் என்ன ஓடுகிறது என்று ஒரு வரி வருகிறது. ஒருவர் "பசிக்கிறது" என்கிறார், ஒருவர் "தூக்கம் போதவில்லை" என்கிறார். இவ்வளவு வெளிப்படையான ஆட்களோடு நான் வேலை பார்த்ததே இல்லை.

ஆட்களுக்கு நாமே பெயர் வைக்கலாம் என்றதும் குடும்பத்தையே குடியேற்றிவிட்டேன். உங்கள் அத்தை டாக்டர். என் மகள் பயிர்க் குமிழில். நீங்கள் மின்சாரம். மாடி வீட்டு வக்கீலையும் ஒரு மரியாதைக்குச் சேர்த்துக்கொண்டேன். தலைவர் பதவியும் கிடங்குச் சாவியும், வேறு வழியில்லாமல், என்னிடமே வந்து சேர்ந்தன. உங்கள் அப்பாவை எங்கே போடுவது என்று கொஞ்சம் யோசித்தேன். ரொம்ப யோசித்தேன் என்று சொல்லமுடியாது. கழிவுநீர்ப் பிரிவில் போட்டுவிட்டேன்.

கோபித்துக்கொள்ளாதீர்கள், காரணம் இருக்கிறது. உங்கள் கல்யாணத்தன்று, சாப்பாட்டுக் கூடத்தில், என் பழைய மேலாளரை வைத்துக்கொண்டு உங்கள் அப்பா என்ன சொன்னார் தெரியுமா? "ஸ்டோர் கீப்பர் வேலைன்னா என்னங்க, யாரு எதைக் கேட்டாலும் இல்லைன்னு சொல்றதுக்கு ஒரு சம்பளம்!" என்றார். கூடமே சிரித்தது. மேலாளரும் சிரித்தார். உங்கள் அப்பா தம் தொழிற்சாலையில் பராமரிப்புப் பிரிவு மேற்பார்வையாளர். எந்த ஊர்த் தொழிற்சாலையாக இருந்தாலும் பராமரிப்புக்காரனுக்கும் ஸ்டோர்காரனுக்கும் ஆகாது. அவன் பேரிங் கேட்பான், இவன் எதற்கு என்பான். அது தொழில். ஆனால் சாப்பாட்டுக் கூடத்தில் சொன்னது தொழில் இல்லை. அது எனக்குள் முள்ளாகவே நின்றுவிட்டது. சரி, செவ்வாயில் போய்க் குழாய் அடைப்பு எடுங்கள் சம்பந்தி என்று போட்டுவிட்டேன்.

நிர்வாகம் பிரமாதமாகப் போயிற்று. கிடங்கு நிறைய ஆக்சிஜன் சிலிண்டர். மேல் தட்டு வரைக்கும் அடுக்கி, பூட்டி, பார்க்கப் பார்க்க வயிறு நிறைகிற மாதிரி வைத்திருந்தேன். கையிருப்பு இருந்தால்தானே நாளைக்கு ஆகும்? என்ன, ஆட்கள் கொஞ்சம் மூச்சு வாங்கினார்கள். எல்லோர் தலைக்கு மேலும் "காற்று போதவில்லை" என்று ஒரே வரியாக வந்தது. எந்தத் தொழிற்சாலையில் ஆட்கள் போதும் என்று சொல்லியிருக்கிறார்கள் என்று விட்டுவிட்டேன். இப்படி இருக்கையில் ஒருநாள் வக்கீல் பொத்தென்று விழுந்துவிட்டார். அப்போதுதான் தெரிந்தது, இந்த விளையாட்டில் யாராவது போய்விட்டால் பெரிய வாசலுக்குப் பக்கத்தில் தானாகவே ஒரு கல் முளைக்கிறது. அதில் பெயர், பார்த்த வேலை, போன காரணம் எல்லாம் வந்துவிடும். வக்கீல் கல்லில் என்ன வந்தது தெரியுமா? "காரணம்: மூச்சுத் திணறல். கிடங்கில் காற்று இருந்தது." இந்த இரண்டாவது வாக்கியம் தேவையா மாப்பிள்ளை? அழிக்கப் பார்த்தேன், முடியவில்லை. பெயரை மாற்றப் பார்த்தேன், வைத்தது வைத்ததுதான் என்கிறது. அன்றிலிருந்து மாடிப்படியில் நிஜ வக்கீலைப் பார்த்தால் கூசுகிறது. "சார், உடம்பு நல்லா இருக்கா?" என்று அடிக்கடி கேட்கிறேன். அவர் போனவாரம் போய் முழு உடல் பரிசோதனை செய்துகொண்டுவிட்டார்.

இப்போது உங்கள் அப்பா போனுக்கு வருகிறேன். நேற்று அவரே கூப்பிட்டார். "என்ன சம்பந்தி, கம்ப்யூட்டர்ல பெரிய ராஜாங்கமே நடத்துறீங்களாமே, மருமக சொன்னா. என்னையும் சேர்த்திருக்கீங்களாமே?" என்றார். எனக்கு வாய் சும்மா இருந்ததா? "நீங்க இல்லாமலா சம்பந்தி! நீங்கதான் துணைத் தலைவர்!" என்று அடித்துவிட்டேன். அவர் அப்படியே குளிர்ந்துபோய், "அப்ப ஞாயித்துக்கிழமை வந்து பார்த்துட வேண்டியதுதான்" என்று வைத்துவிட்டார்.

அடித்துப்பிடித்து இன்று காலை அவருக்குப் பதவி உயர்வு கொடுக்கலாம் என்று உட்கார்ந்தால், ஆளைக் காணோம். தேடினால், வெளியே இருக்கும் பம்பு அறையில் குழாய் உடைந்திருக்கிறது, யாரும் சொல்லாமலே சரி பண்ணப் போயிருக்கிறார். சரி பண்ணியும் விட்டார். திரும்பும்போது புயல் பிடித்துக்கொண்டது. திரை முழுக்கச் செக்கச் செவேல் என்று புழுதி. அவர் முதுகில் இருக்கும் சிலிண்டரோ நான் கொடுத்த பழைய சரக்கு. பழைய சரக்குதானே முன்னால் போகவேண்டும்! காற்று தீரப்போகிறது என்று ஒரு சிவப்பு விளக்கு மினுக்குகிறது. பதறிப்போய் ஸ்பேஸ் பட்டனைத் தட்டி ஆட்டத்தை அப்படியே நிறுத்திவிட்டேன். காலையிலிருந்து அவர் தூக்கிய காலோடு நிற்கிறார், நான் எதிரே உட்கார்ந்திருக்கிறேன். உங்கள் அத்தை கூட்டுமாறோடு வந்து எட்டிப் பார்த்துவிட்டு, "என்னங்க இது, சம்பந்தியை இப்படி ஒத்தக்கால்ல நிக்க வெச்சிருக்கீங்க, பாவமா இருக்கு, இறக்கி விடுங்க" என்கிறாள். இறக்கிவிட்டால் ஆட்டம் ஓடும், இருக்கிற காற்றும் தீர்ந்துவிடுமே! அவர் போய்விட்டார் என்றால், ஞாயிற்றுக்கிழமை நிஜ சம்பந்தி வந்து உட்கார்ந்ததும் முதலில் கண்ணில் படுவது வாசல் கல். தன் பெயர், கழிவுநீர்ப் பிரிவு, கிடங்கில் காற்று இருந்தது. கல்யாணக் கூடத்தில் சொன்னது சரிதான் என்று அவருக்குக் கல்லிலேயே பொறித்துக் கொடுத்த மாதிரி ஆகிவிடும். என் மானம் கிடக்கட்டும், என் மகள் முகத்தில் எப்படி விழிப்பேன்?

எனவே நீங்கள் உடனே இரண்டில் ஒன்று செய்யவேண்டும். பெயரை மாற்ற வழி சொல்லுங்கள், அல்லது ஞாயிற்றுக்கிழமை உங்கள் அப்பாவை வேறு எங்காவது

இருங்கள், வருகிறேன்.

மாப்பிள்ளை! காப்பாற்றிவிட்டேன்! அவசரத்தில் எழுத்து கோணல்மாணலாக இருந்தால் மன்னிக்கவும். நடந்ததைச் சொல்கிறேன். எழுதிக்கொண்டே நிமிர்ந்து பார்த்தேனா, அவர் தலைக்கு மேல் இருந்த வரி அப்போதுதான் கண்ணில் பட்டது. நான் காற்றைப் பற்றித்தான் ஏதோ வந்திருக்கும் என்று நினைத்துப் படிக்காமலே விட்டிருந்தேன். "பேசுவதற்கு ஆள் இல்லை" என்று இருந்தது. மூச்சு முட்டி நிற்கிற மனுஷன் காற்று கேட்கவில்லை மாப்பிள்ளை. உங்கள் அம்மா போனதிலிருந்து அவர் அந்த வீட்டில் தனியாக இருக்கிறார், போன் பண்ணினால் வைக்க மனமில்லாமல் வானிலையைப் பற்றியெல்லாம் பேசுகிறார், நான்தான் ஏதாவது சாக்குச் சொல்லி வைத்துவிடுகிறேன். பட்டனைத் தட்டினேன். கிடங்கைத் திறந்தேன். உங்கள் அத்தையிடம் சாவியைக் கொடுத்து, ஆமாம், கொடுத்தேன், எல்லோருக்கும் ஆளுக்கொரு புதுச் சிலிண்டர் வழங்கச் சொல்லிவிட்டு, ஒன்றைத் தூக்கிக்கொண்டு தலைவர் நானே புயலில் இறங்கினேன். இடதும் வலதும் தெரியவில்லை. என் விளக்கும் மினுக்க ஆரம்பித்துவிட்டது. உங்கள் அத்தை, நிஜ அத்தை, கூட்டுமாறைப் போட்டுவிட்டு என் தோளைப் பிடித்துக்கொண்டு "அந்தப் பக்கம்! அந்தப் பக்கம் போங்க! கல்லைத் தாண்டி!" என்று கத்துகிறாள். போய்ச் சேர்ந்தேன். சிலிண்டரை மாட்டினேன். தூக்கிய காலை ஊன்றினார் பாருங்கள்! நாங்கள் இருவரும் கத்திய கத்தலில் மாடி வக்கீல் என்னவோ ஏதோ என்று இறங்கி வந்துவிட்டார். அவர் உயிரோடு நிற்பதைப் பார்த்ததும் அந்த வேகத்தில் அவரையும் கட்டிப்பிடித்துக்கொண்டேன்.

ஆகவே எல்லாம் நலம். உங்கள் அப்பாவைத் துணைத் தலைவர் ஆக்கிவிட்டேன். சாப்பாட்டுக் குமிழில் அவருக்கு என் பக்கத்திலேயே ஒரு நாற்காலியும் போட்டாகிவிட்டது. காலனி இப்போது அசைக்கமுடியாத நிலையில் இருக்கிறது. அவர் ஞாயிற்றுக்கிழமை வரட்டும், பார்க்கட்டும், சந்தோஷப்படட்டும். கழிவுநீர் பற்றி மட்டும் ஒரு வார்த்தை வெளியே வரக்கூடாது. திங்கட்கிழமை காலையில் முதல் வேலையாக வந்து அவரை அழைத்துப்போய்விடுங்கள். செவ்வாயில் என்ன நடந்திருந்தாலும், ஒரே அறையில் நானும் அவரும் ஒரு நாளுக்கு மேல் தாங்கமாட்டோம்.

நீங்களும் என் மகளும் குறையாத காற்றும் நிறைந்த வாழ்வும் பெற்று நெடுநாள் இருக்கவேண்டும் என்று ஆசீர்வதிக்கிறேன். அத்தையின் ஆசியும் இதில் சேர்த்தி. வக்கீல் தம் விசாரிப்பைச் சொல்லச் சொன்னார்.

இப்படிக்கு,
தங்கள் அன்பு மாமனார்,
தலைவர் மற்றும் கிடங்குப் பொறுப்பாளர்

பின்குறிப்பு: உறையை ஒட்டப்போகும்போது வாசல் மணி அடித்தது. உங்கள் அப்பா. கையில் ஒரு பை. "ஞாயித்துக்கிழமை வரைக்கும் வீட்ல உட்கார்ந்து என்ன சம்பந்தி பண்றது, அதான் இப்பவே கிளம்பிட்டேன்" என்றார். நேராக வந்து கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்தார். துணைத் தலைவர் நாற்காலியைப் பார்த்து ரொம்ப சந்தோஷம். அப்புறம், "இந்த வாசல்ல எதுக்கு ரெண்டு கதவு? ஒண்ணு மூடினாத்தான் ஒண்ணு திறக்குது, வேலை ஓடாது சம்பந்தி. அந்தப் பூட்டைக் கழட்டிடலாமா?" என்றார். வழக்கமாக முடியாது என்பவன், இன்றைக்குத்தான் திருந்தியிருந்தேனே, தாராளமாகக் கழற்றுங்கள் என்றேன். இரண்டு கதவும் ஒன்றாகத் திறந்தன. உள்ளே இருந்த காற்று மொத்தமும் வெளியே போய்விட்டது. காலனியில் ஒருவரும் மிச்சமில்லை, நீங்களும்தான், மன்னிக்கவும்.

வரிசையாகக் கற்கள் முளைத்தன. உங்கள் அப்பா கண்ணாடியை மறந்துவிட்டு வந்ததால் மூக்கைத் திரையில் ஒட்டிக்கொண்டு ஒவ்வொன்றாகப் படித்தார். என் கல்லை முடித்துவிட்டுத் தம் கல்லுக்கு வந்தார். அதில் இன்றைய பதவியோடு பழைய வேலையும் சேர்ந்தே வந்திருந்தது. நான் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். "சம்பந்தி, என்னைச் சாக்கடையிலயா போட்டிருந்தீங்க?" என்றார். ஆமாம் என்றேன். கல்யாணக் கூடத்தில் அவர் சொன்னதையும் அப்படியே சொன்னேன். அவருக்கு நினைவே இல்லை மாப்பிள்ளை! "நான் அப்படியா சொன்னேன்? அப்ப நீங்க போட்டது சரிதான்" என்றவர், சிரிக்க ஆரம்பித்துவிட்டார். கண்ணில் தண்ணீர் வரும்வரைக்கும் சிரித்தார். அவர் அப்படிச் சிரித்து எத்தனையோ நாளாகிவிட்டது என்று அத்தை சமையலறையில் போய் மூக்கைச் சிந்தினாள்.

புதுக் காலனி ஆரம்பித்துவிட்டோம். அதனால் திங்கட்கிழமை நீங்கள் வரவேண்டாம். வந்தால் அவர் வீட்டுக்குப் போய் மூக்குக் கண்ணாடியும் நாலைந்து சட்டையும் எடுத்துக்கொண்டு வாருங்கள், அவரை மட்டும் அழைத்துப்போகாதீர்கள். மேலே எழுதியதையெல்லாம் அடித்துவிடலாம்தான், ஆனால் ஸ்டோர்காரன் எதையும் தூக்கிப்போட மாட்டான், அப்படியே அனுப்புகிறேன். இந்தத் தடவை கழிவுநீர்ப் பிரிவில் நான் இருக்கிறேன், கிடங்குச் சாவி உங்கள் அப்பாவிடம். என் சிவப்பு விளக்கு மினுக்க ஆரம்பித்திருக்கிறது. இப்போதுதான் போய் ஒரு சிலிண்டர் கேட்டேன்.

"எதுக்கு?" என்கிறார்.