விருந்தாளி வெளியே நிற்கணும்

"ஏங்க, மண்டபம் இடது பக்கம் இருக்கு. நாம வலது பக்கமாவே போயிட்டு இருக்கோம்," என்றாள் கஸ்தூரி.

"தெரியும்."

"தெரிஞ்சா அந்தப் பக்கம் போங்க."

"யாராவது வழி விட்டாத்தானே போறது?" என்றார் அருணகிரி.

காரின் இடது இண்டிகேட்டர் ஒரு கிலோமீட்டராகக் கண்ணடித்துக்கொண்டிருந்தது. கண்டுகொள்ள ஆளில்லை. கடலை மூட்டை ஏற்றிப்போன டிராக்டர் ஒன்றை முந்துவதற்காக வலது லேனுக்கு வந்தவர், திரும்பவும் இடது லேனுக்குள் நுழைய முடியாமல் ஊர் எல்லையில் இருக்கும் வேங்கிக்கால் வரைக்கும் வந்துவிட்டார். வலது பக்கம் நடுச்சுவர். இடது பக்கம் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டு கார்கள்.

மணி பத்து பத்து. பத்தரைக்கு மண்டபத்தில் விழா. மாவட்டத்தின் சிறந்த ஓட்டுநர் பயிற்றுநருக்கான கேடயத்தை, ஊர் வாயில் பிரேக் இன்ஸ்பெக்டர் என்று வழங்கும் மோட்டார் வாகன ஆய்வாளர் கொடுக்கப்போகிறார். போன மூன்று வருஷமும் அந்தக் கேடயம் போளூர்காரர் ஒருவர் வீட்டு ஷோகேஸுக்குப் போனது. மூன்று வருஷமும் அருணகிரி கீழே உட்கார்ந்து கைதட்டிவிட்டு, வடை பாயசத்தோடு சாப்பிட்டுவிட்டு, வீட்டுக்கு வந்து இரண்டு நாள் யாரோடும் பேசாமல் இருந்தார். இந்த வருஷம்தான் அவர் பெயர் அறிவிக்கப்பட்டிருந்தது.

டிரைவிங் ஸ்கூல் சங்கச் செயலாளர் வளவன் காலையிலேயே போன் செய்து எச்சரித்திருந்தார். "இன்ஸ்பெக்டர் பத்தே முக்காலுக்குக் கிளம்பிடுவாரு சார். மேடையில ஆள் இல்லன்னா அடுத்த பேருக்குக் குடுத்துடுவாங்க. அடுத்த பேர் யாருன்னு நான் சொல்லத் தேவையில்ல."

தேவையில்லைதான். போளூர்.

அருணகிரி பதினெட்டு வருஷமாக டிரைவிங் ஸ்கூல் நடத்துகிறார். இதுவரை நாலாயிரத்து முந்நூற்றுப் பன்னிரண்டு பேருக்குக் கார் ஓட்டக் கற்றுக்கொடுத்திருக்கிறார். கிரிவலப் பௌர்ணமிக் கூட்டத்திலும் ஆளை இடித்ததாகவோ ஆட்டை இடித்ததாகவோ ஒருவர் மேலும் புகார் கிடையாது. காரணம், அவருடைய முதல் நாள் பாடம். சக்கரத்துக்கு அடியில் எலுமிச்சம்பழம் வைத்து நசுக்கியானதும் சாவியைக் கொடுத்துவிட மாட்டார். ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு மாணவர் மூன்று தரம் உரக்கச் சொல்ல வேண்டும்:

"லேன்ல போறவன் வீட்டுக்காரன். லேன் மாறுறவன் விருந்தாளி. கதவு திறக்கற வரைக்கும் விருந்தாளி வெளிய நிக்கணும்!"

சிரித்தால் மறுபடியும் முதலிலிருந்து. கலெக்டர் ஆபீஸ் குமாஸ்தாவானாலும் சரி, காலேஜ் பெண்ணானாலும் சரி, அவருக்கு எல்லோரும் ஒன்றுதான்.

"அதோ, அந்த வெள்ளைக் கார்ல நம்ம இனியன்!" என்று கஸ்தூரி துள்ளினாள். "நம்மகிட்ட படிச்ச பையன்தான். கேளுங்க."

பயிற்சிக் காரில் ஆசிரியர் உட்காரும் இடது சீட்டில் அவள் உட்கார்ந்திருந்தாள். அவள் ஜன்னலுக்கு நேராக இனியனின் ஜன்னல் வந்தது. இனியன் கண்ணாடியை இறக்கிக் கும்பிட்டான்.

"வணக்கம் சார்! வணக்கம்மா!"

"இனியா, கொஞ்சம் வழி விடுப்பா. மண்டபத்துக்குப் போகணும்," என்றார் அருணகிரி.

இனியன் அவரை ஒரு கணம் பார்த்தான். பிறகு முகமெல்லாம் சிரிப்பானான்.

"டெஸ்ட் வைக்கிறீங்களா சார்? எங்கிட்டயா? விருந்தாளி வெளிய நிக்கணும் சார்!"

முன்னால் இருந்த கையகல இடைவெளியையும் அடைத்துக்கொண்டு போய்விட்டான்.

கஸ்தூரி தலையில் அடித்துக்கொண்டாள். ஆனால் அருணகிரிக்கு நெஞ்சு நிமிர்ந்தது. பொய் சொல்வானேன், அந்த அவசரத்திலும் அவருக்குப் பெருமையாகத்தான் இருந்தது.

"பார்த்தியா? ஆறு வருஷம் ஆச்சு. ஒரு எழுத்து மறக்கல."

"நல்லா இருக்கு. அதோ மண்டபமும் போகுது."

உண்மைதான். இடது பக்கம் மண்டபத்து வாசல் மெல்ல நகர்ந்து பின்னால் போனது. வாசலில் கட்டியிருந்த பேனரில் பெரிய அருணகிரி கைகூப்பிச் சிரித்துக்கொண்டிருந்தார். சின்ன அருணகிரி அவரைப் பார்த்தபடியே தாண்டிப் போனார்.

அரை கிலோமீட்டர் தள்ளி யூ டர்ன் போட்டு, ஊர்ப் பக்கமாக ஒரு கிலோமீட்டர் போய், அங்கே இன்னொரு யூ டர்ன் போட்டுத் திரும்பும்போது மணி பத்து இருபத்தைந்து.

"எதிர்ப் பக்கம் போனப்பவே வண்டியை நிறுத்தியிருந்தா, நான் சுவர் ஏறிக் குதிச்சிருப்பேன்," என்றாள் கஸ்தூரி.

"பட்டுப்புடவையிலயா?"

"பின்ன? மூணு வருஷமா அந்தப் போளூர்காரர் பெண்டாட்டி மேடையில நின்னு போட்டோ எடுத்துக்கறதைப் பார்த்துட்டு இருக்கேன். இந்தப் புடவை அந்தப் போட்டோவுக்காக எடுத்தது."

அருணகிரி இந்தத் தடவை தொடக்கத்திலேயே இடது லேனைப் பிடித்துக்கொண்டார். இப்போது அவர்தான் வீட்டுக்காரர். யாருக்கும் வழிவிடத் தேவையில்லை, யாரையும் கெஞ்சத் தேவையில்லை. ஒரு ஸ்கூட்டர் நுழையப் பார்த்ததைக்கூட ஹாரன் அடித்து வெளியிலேயே நிறுத்தினார்.

இந்த வீட்டுக்காரப் பதவி சரியாக ஐந்து நிமிஷம் நீடித்தது. மண்டபத்துக்கு முந்நூறு அடி இருக்கும்போது, இடது லேனை அடைத்துக்கொண்டு ஒரு தண்ணீர் லாரி டயர் பஞ்சராகிப் படுத்திருந்தது. வேறு வழியில்லை. வலது லேனுக்குப் போய் லாரியைத் தாண்டினார். தாண்டிவிட்டு இடது இண்டிகேட்டரைப் போட்டால், அந்தப் பக்கம் மறுபடியும் கார் வரிசை. சந்துக்குள்ளிருந்து சாரை சாரையாக வந்து சேர்ந்துகொண்டிருந்தார்கள். அத்தனையும் தெரிந்த முகங்கள், விழாவுக்கு வரும் அவருடைய மாணவர்கள்.

வரிசையில் முதலில் தலைமையாசிரியை ராஜம்மாள் வந்தார். ஐம்பத்தைந்து வயதில் கார் கற்றுக்கொண்டவர்.

"டீச்சர், கொஞ்சம் வழி விடுங்க!" என்று கத்தினாள் கஸ்தூரி.

"விடமாட்டேம்மா!" என்று ராஜம்மாளும் கத்தினார். "சார் கத்துக் குடுத்ததை ஒரு நாளும் மீறினது இல்ல. இன்னைக்குன்னு பார்த்து அவர் பேரைக் கெடுப்பேனா?"

கட்டைவிரலை உயர்த்திக் காட்டிவிட்டுப் போய்விட்டார்.

"இன்னாங்க இது? ஊருக்கே இன்னைக்கு இன்னா ஆச்சு?"

பதில், அவள் மடியில் இருந்த போனில் வந்தது. 'அருணகிரி சார் மாணவர்கள்' என்ற வாட்ஸ்அப் குழுவில் இனியன் கால் மணி நேரத்துக்கு முன்பு எழுதியிருந்ததைக் கஸ்தூரி உரக்கப் படித்தாள்:

"விழாவுக்கு வர்றவங்க உஷார். சார் வேங்கிக்கால் ரோட்ல சர்ப்ரைஸ் டெஸ்ட் வைக்கிறார். நடிப்பு பிரமாதம். யாரும் வழி விட்டு ஏமாந்துடாதீங்க."

கீழே நாற்பது பேர் கைதட்டியிருந்தார்கள்.

"டெஸ்ட் இல்லன்னு போடு! உடனே போடு!" என்றார் அருணகிரி.

கஸ்தூரி போட்டாள். 'இது டெஸ்ட் இல்லை. சாருக்கு நிஜமாகவே அவசரம். வழி விடவும்.'

ஒரே நிமிஷத்தில் பதில்கள் குவிந்தன. 'ஹா ஹா, இதுதான் கஷ்டமான கேள்வி.' 'கஸ்தூரி அம்மாவும் டெஸ்ட்ல சேர்ந்துட்டாங்க.' 'இப்ப ரொம்ப ஜாக்கிரதையா இருங்க எல்லாரும்.'

அதோடு, கொஞ்சம் ஏமாந்து இடைவெளி விட்டிருந்த இரண்டொரு கார்களும் நெருங்கி ஒட்டிக்கொண்டன.

கஸ்தூரி போனைத் தூக்கி டேஷ்போர்டில் போட்டாள். ஜன்னல் வழியாக முழங்கை வரைக்கும் கையை நீட்டி, பக்கத்துக் காரைப் பார்த்து, "அம்மா தாயே, ஒரு கார் போற அளவுக்கு!" என்று கெஞ்சினாள்.

அது போன மாதம் லைசென்ஸ் வாங்கிய அபிநயா.

"ஆன்ட்டி, பக்கத்து சீட்ல இருக்கறவங்க கையை வெளிய நீட்டக் கூடாது. அதுக்கும் மார்க் கம்மி பண்ணுவீங்கதானே சார்?"

"ஆமாம்மா," என்றார் அருணகிரி. அவரால் பொய் சொல்ல முடியவில்லை.

"ஆமாவாம், ஆமா!" என்று ஆத்திரத்தில் கஸ்தூரி காலை ஓங்கி உதைத்தாள். உதைத்த இடத்தில் ஆசிரியருக்கான இரண்டாவது பிரேக் இருந்தது. கார் குலுங்கி, இருமி, மண்டபத்து வாசலுக்குக் கொஞ்சம் முன்னால், வலது லேனின் நடுவில் நின்றுபோனது.

பின்னால் பஸ்ஸின் ஹாரன் காதைக் கிழித்தது. "எல் போர்டு மாட்டிட்டு வந்துடறாங்க! மொதல்ல எங்கயாவது போய் ஓட்டக் கத்துக்கய்யா!" என்று பஸ் டிரைவர் சத்தம் போட்டார்.

அதே நேரம் மண்டபத்து ஒலிபெருக்கி கரகரத்தது. "சிறந்த பயிற்றுநர் திரு. அருணகிரி அவர்களை மேடைக்கு அன்போடு அழைக்கிறோம்."

அருணகிரி சாவியைத் திருகினார். கார் முனகியது.

"இரண்டாவது முறையாக, திரு. அருணகிரி அவர்களை..."

கார் கிளம்பியது. ஆனால் எங்கே போவது? இருபது அடி தூரத்தில் அவருடைய கேடயம் இருந்தது. நடுவில் அவருடைய மாணவர்கள் இருந்தார்கள், ஒருவர் பின் ஒருவராக, இடைவெளியே விடாமல், அவர் சொல்லிக்கொடுத்தபடியே. நாலாயிரம் பேர் இவ்வளவு ஒழுங்காகப் படித்ததற்காக அழலாமா சிரிக்கலாமா என்று அவருக்குத் தெரியவில்லை. கண் கலங்கியது மட்டும் நிஜம்.

"போளூர்தான்," என்றாள் கஸ்தூரி, புடவைத் தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டு.

அப்போதுதான் அது நடந்தது. இடது லேனில் வந்துகொண்டிருந்த ஒரு சின்ன லோடு வண்டி, அருணகிரியின் இண்டிகேட்டரைப் பார்த்ததும் நின்றது. வேகத்தைக் குறைத்தது மட்டுமல்ல, அப்படியே நின்றுவிட்டது. ஓட்டி வந்தவர் பின்னால் வருகிறவர்களுக்குக் கையைக் காட்டி நிறுத்தினார். அப்புறம் அருணகிரியைப் பார்த்து, உடம்பை வளைத்து, இரண்டு கையாலும், "போங்க சார், நீங்க மொதல்ல போங்க," என்று சைகை காட்டினார்.

அருணகிரி ஒரே வளைவில் வாசலுக்குள் நுழைந்தார். லோடு வண்டியும் பின்னாலேயே உள்ளே வந்தது. விழாவுக்குச் சாப்பாடு கொண்டுவந்த வண்டி அது.

அருணகிரி இறங்கி மேடைக்கு ஓடவில்லை. லோடு வண்டிக்கு ஓடினார்.

"உங்க பேர் இன்னாங்க?"

"புகழேந்திங்க," என்றார் அந்த ஆள், சாம்பார் அண்டாவை இறக்கிக்கொண்டே. நாற்பது வயதிருக்கும்.

"நம்ம ஸ்கூல்தானே? எந்த வருஷம்?"

"அது வந்துங்க சார்..."

"சொல்ல வேணாம்! பார்த்த உடனே கண்டுபிடிச்சிட்டேன். இந்தப் பதமான பிரேக் வேற எந்த ஸ்கூல்ல வரும்? நாலாயிரம் பேர் பாடத்தைப் படிச்சாங்க. நீங்க ஒருத்தர்தான் பாடத்துக்கு மேலயும் படிச்சிருக்கீங்க. வாங்க என்கூட."

"வேணாங்க சார், சாம்பார் ஆறிடும்."

"என்ன அடக்கம் பாரு!" என்று கஸ்தூரியிடம் சொல்லிக்கொண்டே புகழேந்தியின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு மேடைக்கு விரைந்தார்.

"மூன்றாவது மற்றும் கடைசி முறையாக," என்று வளவன் மைக்கில் சொல்லிக்கொண்டிருந்தார். முதல் வரிசையில் போளூர்காரர் சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு பாதி எழுந்திருந்தார். அருணகிரியைப் பார்த்ததும் பாதி உட்கார்ந்தார்.

கேடயம் கைக்கு வந்தது. நல்ல கனம். கஸ்தூரியும் மேடையேறினாள். போட்டோவுக்காக எடுத்த புடவை போட்டோவில் விழுந்தது. கீழே இனியன், ராஜம்மாள், அபிநயா எல்லோரும் விசிலடித்தார்கள். ராஜம்மாள்தான் எல்லோரையும்விட ஜாஸ்தி சத்தமாக அடித்தார்.

அருணகிரி மைக்கைப் பிடித்தார்.

"இந்தக் கேடயத்தைவிடப் பெரிய பரிசு எனக்கு அஞ்சு நிமிஷத்துக்கு முன்னாடி ரோட்லயே கிடைச்சிடுச்சு. வழி விட வேண்டிய கட்டாயம் இல்லாதப்பவும் வழி விடறவன்தான் நல்ல டிரைவர். பதினெட்டு வருஷத்துல நான் இன்னா சாதிச்சேன்னு கேட்டீங்கன்னா, இவரைத்தான் காட்டுவேன். இவர் என் மாணவர்னு சொல்லிக்கறதுல எனக்கு அவ்ளோ பெருமை!"

புகழேந்தியின் தோளில் கைபோட்டு மைக்கின் முன்னால் நிறுத்தினார். மண்டபம் அதிரக் கைதட்டியது. புகழேந்தி கையில் சாம்பார்க் கரண்டியோடு, கண்ணை எங்கே வைப்பது என்று தெரியாமல் நின்றார்.

பிரேக் இன்ஸ்பெக்டரே எழுந்து வந்து அவர் கையைக் குலுக்கினார். "சபாஷ். இப்படிப்பட்டவங்கதான் ரோட்டுக்கு வேணும். எந்த வருஷம் லைசென்ஸ் எடுத்தீங்க?"

புகழேந்தி எச்சில் விழுங்கினார். மைக் அதையும் கேட்க வைத்தது.

"இன்னும் எடுக்கலீங்க ஐயா. அந்தப் பயத்துலதான் யார் வந்தாலும் வழி விட்டுடறது."