பூனைக்குக் குரைத்த நாய்

மரியாதைக்குரிய சம்பந்தி அவர்களுக்கு,

இங்கு நானும் என் மனைவியும், உங்கள் மகனும் மருமகளும், உங்கள் பேத்தியும் நலம். உங்கள் நலத்தை விசாரிக்க வேண்டியதில்லை. நேற்று போனில் உங்கள் வீட்டம்மா போட்ட சத்தத்திலேயே அங்கே எல்லோருக்கும் மூச்சு நன்றாக ஓடுவது தெரிந்துவிட்டது. இதையும் போனிலேயே சொல்லியிருக்கலாம்தான். ஆனால் நான் "சம்பந்தி" என்று வாயெடுத்ததுமே நீங்கள் போனை அவர்கள் கையில் கொடுத்துவிட்டு நழுவுகிறீர்கள். அது அவர்கள் கைக்குப் போனால் அப்புறம் என் முறை வருவதே இல்லை. கடிதத்தில் யாரும் குறுக்கே பேச முடியாது. எனக்குப் பேனா பிடிக்கத் தெரியாது என்பது உங்களுக்குத் தெரிந்ததே. நான் சொல்லச் சொல்ல என் மனைவி எழுதுகிறாள். சில இடங்களில் நான் சொன்ன சொல்லை எழுத மாட்டேன் என்கிறாள். அந்த இடங்களில் நீங்களே கனமான சொல் ஒன்றைப் போட்டுப் படித்துக்கொள்ளவும்.

விஷயம் இதுதான். "பச்சைக் குழந்தைக்குப் போய் தைராய்டுங்கறாங்களே, உங்க பக்கத்துல யாராச்சும் மந்தமா இருந்திருக்காங்களா?" என்று உங்கள் வீட்டம்மா கேட்டார்கள். கேட்டது என் மகளிடம். பிள்ளை பெற்று உடம்பு தேறாதவளிடம் கேட்கிற கேள்வியா இது? அதுவும் குழந்தைக்கு ஒன்றும் இல்லை என்று டாக்டர் சொல்லிவிட்ட பிறகு! அதற்கு முன்னால் கேட்டிருந்தாலாவது பயத்தில் கேட்டார்கள் என்று விட்டிருப்பேன்.

நடந்ததை முதலிலிருந்து சொல்கிறேன். உங்கள் மகன் உங்களுக்கு எப்படிச் சொன்னாரோ தெரியாது. மாப்பிள்ளை நல்லவர், ஆனால் எதையும் கைபேசியில் ஒருமுறை பார்த்துவிட்டுத்தான் நம்புவார். மழை பெய்கிறதா என்று ஜன்னலைத் திறக்காமல் அதில் பார்க்கிற ஆள். குழந்தை விடியற்காலையில் பிறந்தது. தாயும் பிள்ளையும் சுகம், சாயங்காலம் கிளம்பலாம் என்றார்கள். அந்த ஆஸ்பத்திரி வராந்தாவில் ஒரு மின்விசிறி, சுற்றுகிற வேகத்தைவிடச் சத்தம் அதிகம். அதன் கீழே ஒரு பெஞ்சு, உட்காரவும் ஆகாது, படுக்கவும் ஆகாது. ஆயுசு முழுக்கத் தொழிற்சாலை வாசலில் காவல் இருந்தவன் நான். எந்த நாற்காலியிலும் உட்கார்ந்துவிடுவேன். அந்தப் பெஞ்சு என்னையே எழுப்பிவிட்டது. எப்போது கிளம்புவோம் என்று இருக்கையில், சிரிப்பையே மறந்துவிட்ட ஒரு நர்ஸ் வந்து, குழந்தையின் குதிகாலில் குத்தி நாலு சொட்டு ரத்தம் எடுக்க வேண்டும், அதற்கு நாளை மறுநாள் தூக்கிக்கொண்டு வர வேண்டும் என்றாள்.

"இதுக்குன்னு மறுபடி ஒரு நடையா? குத்தறதுன்னா இப்பவே குத்தும்மா," என்றேன்.

"இன்னைக்கு எடுக்கக் கூடாது தாத்தா. ரெண்டு நாள் போகட்டும்."

"ஏன், குதிகால் இன்னைக்கு அங்கதானே இருக்கு? நாளான்னைக்கு வேற இடத்துக்குக் குடி போயிடுமா?"

"அதுக்கில்ல தாத்தா, பிறந்த உடனே எடுத்தா..."

"எடும்மா நீ! படிச்ச புள்ளைங்கல்லாம் சேர்ந்து ஒரு வயசானவனை எத்தனை தடவை அலைய விடுவீங்க?"

எடுத்தாள். மொத்தமான ஒரு அட்டையில் வட்டம் வட்டமாக ரத்தத்தை ஒற்றிக் காயவைத்தாள். குழந்தை வீறிட்டது. நான் அவளைப் பார்த்த பார்வையில் அவள் அட்டையோடு உள்ளே போய்விட்டாள். நாங்களும் வீட்டுக்கு வந்து நிம்மதியாக இருந்தோம்.

அந்த நிம்மதி கொஞ்ச நாள்தான். ஆஸ்பத்திரியிலிருந்து போன் வந்தது. குழந்தையின் ரத்தத்தில் ஏதோ எண் ஏறியிருக்கிறதாம், உடனே கொண்டுவந்து மறுபடி சோதிக்க வேண்டுமாம். இது நோய் என்று அர்த்தம் இல்லை, பார்த்துவிடுவது நல்லது என்று சொல்லித்தான் வைத்தார்களாம். ஆனால் "இல்லை" என்கிற சொல் எங்கள் வீட்டில் யார் காதிலும் விழவில்லை. மாப்பிள்ளை கைபேசியைக் கையில் எடுத்தார். அவர் அதைக் கீழே வைப்பதற்குள் குழந்தைக்கு வராத வியாதி இல்லை. கழுத்தில் தைராய்டு என்று ஒரு சுரப்பி இருக்கிறதாம். பிறவியிலேயே அது வேலை செய்யாவிட்டால் மூளை வளராதாம். சுரப்பி தூங்கினால், வேலை செய், வேலை செய் என்று தலைக்குள்ளிருந்து ஒன்று அதட்டுமாம். அந்த அதட்டலைத்தான் அளந்து பார்க்கிறார்களாம். இதைக் கேட்டு எனக்குச் சிரிப்பு வந்தது. எங்கள் தொழிற்சாலையில் மேஸ்திரி நாள் முழுக்க அதட்டுவார். அதனால் நாங்கள் எல்லோரும் தூங்கினோம் என்று ஆகிவிடுமா? அதட்டுவது மேஸ்திரியின் சுபாவம்.

வீட்டில் ஒருவருக்கும் புத்தி நிலையில் இல்லை. மகள், குழந்தை தூங்கினால் "ஏன் தூங்குது?" என்று அழுதாள், விழித்தால் "ஏன் முழிச்சுப் பார்க்குது?" என்று அழுதாள். மாப்பிள்ளை கைபேசி வெளிச்சத்தை வைத்துக் குழந்தையின் நாக்கைப் பார்த்தார். நாக்கு பெரிதாக இருக்கிறதா என்று பார்க்கிறாராம். எதோடு ஒப்பிட்டாரோ! சொந்த நாக்கைக் கண்ணாடியில் நீட்டி நீட்டிப் பார்த்துக்கொண்டு நின்றதை நானே கண்டேன். நான் மட்டும்தான் நிதானமாக இருந்தேன். தூங்குகிற குழந்தையின் உள்ளங்காலை நான் போய்ப் போய்ச் சுண்டி அழவைத்தேன் என்று என் மனைவி ஒரு புகார் சொல்வாள். அங்கே கொசு உட்கார்ந்திருந்தது. ஒரே இடத்தில் எத்தனை தடவை கொசு உட்காரும் என்று கேட்கிறாள். அது கொசுவைக் கேட்க வேண்டிய கேள்வி.

எண்ணாவது கிண்ணாவது, மறுபடி குத்த விட மாட்டேன் என்று நான் வாசற்படியில் உட்கார்ந்தேன். என்னைத் தாண்டிக்கொண்டு போனார்கள். வேறு வழியில்லாமல் பின்னால் போனேன். இந்தத் தடவை கைநரம்பில் எடுத்தார்கள். டாக்டர் அம்மாவுக்கு என் மகள் வயதுதான் இருக்கும். அவரை நான் விடவில்லை.

"ஏம்மா, பொய்யா ஒரு எண்ணைக் காட்டி, நல்லா இருந்த குடும்பத்தை அலற விட்டீங்களே, இது என்ன பரிசோதனை?"

"நீங்க என்ன வேலை பார்த்தீங்க ஐயா?"

"காவல்."

"நாய் வச்சிருந்தீங்களா?"

"இருந்துச்சு. இலை விழுந்தாலும் குரைக்கும்."

"குரைச்சா எழுந்து போய்ப் பார்ப்பீங்களா, மாட்டீங்களா?"

"பார்ப்பேன். முக்கால்வாசி பூனைதான்."

"பூனைன்னு போய்ப் பார்த்தப்புறம்தானே தெரியும்? இந்தக் குத்தும் அந்த நாய்தான். நிறையப் பூனைக்குக் குரைக்கும். ஆனா திருடன் வந்தா ஒரு தடவைகூடச் சும்மா இருந்துடக் கூடாது பாருங்க. சீக்கிரம் தெரிஞ்சா தினம் ஒரு சின்ன மாத்திரை, பொடிச்சுத் தாய்ப்பால்ல கலந்து கொடுத்தாப் போதும். குழந்தை எல்லாரையும் போல வளர்ந்துடும்."

படித்தவர்களுக்கு எதற்கும் ஒரு பதில் இருக்கும். என் தொழிலை எடுத்து என் தலையிலேயே போடுகிறார்! நான் எழுந்து வெளியே வந்துவிட்டேன். பயந்துபோய் வந்தேன் என்று மாப்பிள்ளை உங்களிடம் சொல்லியிருந்தால் நம்ப வேண்டாம். உள்ளே புழுக்கம்.

மறுநாள் முடிவு வந்தது. எல்லாம் சரியாக இருக்கிறது, சுரப்பி ஜோராக வேலை செய்கிறது, மாத்திரை வேண்டாம் என்றார்கள். மகள் டாக்டர் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். "அப்ப முதல்ல ஏன் ஏறுச்சு?" என்று மாப்பிள்ளை கேட்டார். பிறந்த முதல் நாள் எல்லாக் குழந்தைக்கும் அந்த அதட்டல் தானாக ஏறித்தான் இருக்குமாம், ஓரிரு நாளில் தானாக இறங்குமாம். "அதனாலதான் நாங்க அன்னைக்கே எடுக்க மாட்டோம். இதை யாரு முதல் நாளே எடுக்கச் சொன்னது?" என்றார் டாக்டர். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். ஏன் என்னைப் பார்க்க வேண்டும்? நான் எடும்மா என்றால் எடுத்துவிடுவதா? காவலாளி சொன்னால் டாக்டர் வேலை நடக்குமா? அந்த நர்ஸ் கொஞ்சம் உறுதியாக நின்றிருக்க வேண்டாமா? இந்தக் காலத்தில் யாருக்கும் முதுகெலும்பு இல்லை.

இதற்கு மேலும் "நெருப்பில்லாம புகையுமா?" என்று உங்கள் வீட்டம்மா சொன்னதால், எங்கள் பக்கத்துக் கணக்கை ஒப்பித்துவிடுகிறேன். என் தாத்தா அடுத்தடுத்த தெருவில் இரண்டு குடும்பம் வைத்து, சாகும்வரை ஒன்றுக்கு மற்றொன்று தெரியாமல் நடத்தினார். அது மந்தன் செய்கிற வேலையா? என் பெரியப்பா ஒரே வண்டியை ஒரே சந்தையில் இரண்டு பேருக்கு விற்றவர். என் அத்தை வாயைத் திறந்தால் வக்கீல் எழுந்து போவார். ஒழுக்கம் குறைவு என்று சொல்லுங்கள், ஒப்புக்கொள்கிறேன். மூளை குறைவு என்று சொல்லாதீர்கள். நம் பிள்ளைகள் கல்யாணத்தன்று உங்கள் அண்ணன் பக்கத்து மண்டபத்துக்குப் போய், முன்பின் தெரியாத ஜோடியை வாழ்த்தி, பந்தியில் இரண்டாவது முறை சோறு வாங்கிச் சாப்பிட்டு, "பொண்ணு போட்டோவுல வேற மாதிரி இருந்துச்சே" என்று சொல்லிவிட்டு வந்தாரே, அது எனக்கு இன்னும் நினைவிருக்கிறது. அவரை மந்தம் என்று நான் யாரிடமாவது போன் செய்து கேட்டேனா?

கடைசியாக ஒன்று. உங்கள் மகளுக்கு அடுத்த மாதம் பிரசவம் என்றும், எங்கள் வீட்டில் நடந்த கூத்தைப் பார்த்தபின் அந்தக் குழந்தைக்கு இந்தக் குத்தே வேண்டாம் என்று முடிவு செய்துவிட்டதாகவும் மாப்பிள்ளையிடம் சொன்னீர்களாம். நம் சம்பந்தம் ஆனதிலிருந்து நீங்கள் எடுத்த முதல் உருப்படியான முடிவு இது. பாராட்டுகிறேன். குத்த விடாதீர்கள். குத்தினால் எண் ஏறும், எண் ஏறினால் போன் வரும், போன் வந்தால் வீட்டில் சோறு இறங்காது. குழந்தை என்றால் அழும், தூங்கும், வளரும். இதற்கு அட்டை எதற்கு, வட்டம் எதற்கு?

உங்கள் வீட்டம்மாவுக்கு என் வணக்கத்தை, அவர்கள் பேச்சை நிறுத்துகிற நேரம் பார்த்துச் சொல்லவும். பிள்ளைத்தாய்ச்சிக்கு எங்கள் ஆசீர்வாதம். சுகமாகப் பெற்றுப் பிழைக்கட்டும்.

இப்படிக்கு,
உங்கள் சம்பந்தி

பின்குறிப்பு: எங்கள் பக்கத்துக் கணக்கில் ஒருத்தியை விட்டுவிட்டேன். மறந்து அல்ல, எனக்கு எதுவும் மறந்து தொலைக்காது. எனக்கு நேர் இளையவள். பிறந்ததிலிருந்து அழ மாட்டாள். போட்ட இடத்தில் கிடப்பாள், பாலுக்கும் எழுப்ப வேண்டும். "கொடுத்து வச்சவ, தொல்லையில்லாத புள்ள" என்று தெருவே எங்கள் அம்மாவைப் பார்த்துப் பொறாமைப்பட்டது. அம்மாவும் பெருமையாகத்தான் சொல்லிக்கொண்டிருந்தாள். அவள் வயதுப் பிள்ளைகள் தெருவில் ஓடியபோது அவள் என் இடுப்பில் இருந்தாள். நான் காவல் வேலைக்குப் போன பிறகும், வீட்டுக்கு வந்தால் என் இடுப்பில்தான். அண்ணா என்று சொல்ல முயற்சி செய்வாள். முதல் எழுத்தோடு நின்றுவிடும். தினம் ஒரு சின்ன மாத்திரை என்று அந்த டாக்டர் அம்மா சாதாரணமாகச் சொன்னார்கள் பாருங்கள், அப்போதுதான் நான் எழுந்து வெளியே வந்தேன். அவள் பிறந்தபோது எங்கள் வீட்டில் குரைக்க ஒரு நாய் இல்லை, சம்பந்தி.

ஆகையால் உங்கள் மகள் குழந்தைக்குக் கட்டாயம் குத்த வேண்டும். முதல் நாளே அல்ல, அவர்கள் சொல்கிற நாளில். எண் ஏறினால் ஏறட்டும். ஓடிப்போய் மறுபடி பாருங்கள். பூனையாக இருந்தால் சிரித்துக்கொள்ளலாம். அங்கே அவசரப்படுத்துகிற கிழவன் எவனாவது இருந்தால் எனக்குச் சொல்லி அனுப்புங்கள்; அந்த ஆஸ்பத்திரி வாசலில் வந்து உட்காருகிறேன். வாசலில் உட்கார எனக்குத் தெரியும்.

மேலே பாராட்டிய இடத்தை அடித்துவிட்டுப் புதிதாக எழுதச் சொன்னேன். கண்ணைத் துடைத்துக்கொண்டு, கை வலிக்கிறது, முடியாது என்கிறாள் என் மனைவி. அதனால் அந்தப் பாராட்டும் கொசுவும் மட்டும் பொய் என்று வைத்துக்கொள்ளுங்கள். திட்டியதெல்லாம் நிஜம்.